சட்டம் தெரிந்துகொள்வோம்: நோட்டீஸ் வந்ததும் வீடு போய்விடுமா?

“ஒண்ணாந் தேதிக்குள்ளே வீட்டைக் காலி பண்ணிக் குடுத்துருங்க!”

கேட்ட மாத்திரத்தில் வயிற்றைக் கலக்கும் வாக்கியங்களுக்கு ஒரு ஜாபிதா போட்டால், நேயர்களே, இது முன்வரிசையில் நிற்கும். சொல்லுகிறவருக்கு அரை நிமிஷ வேலை. கேட்கிறவருக்கோ, பையனுடைய பள்ளிக்கூடம், ரேஷன் கார்டிலுள்ள விலாசம், மளிகைக் கடைக் கணக்கு, தையல் மெஷினைத் தேடி வரும் வாடிக்கைக்காரர்கள் என்று ஒரு குடும்பமே கண் முன்னால் ஆட்டம் கண்டுவிடுகிறது. அன்றிரவு அந்த வீட்டில் யாருக்கும் சோறு இறங்காது.

ஆனால் ஒரு விஷயம். வாசற்படியில் நின்று கோபத்தில் சொன்ன இந்தச் சொல்லுக்குச் சட்டத்தில் என்ன மதிப்பு? இந்த வாரம் அதைத்தான் பார்க்கப் போகிறோம். குடியிருப்பவர் மட்டும் படிக்க வேண்டிய சங்கதி அல்ல இது. வீட்டுக்குச் சொந்தக்காரர்தான் இன்னும் ஒரு தடவை கூடுதலாகப் படிக்க வேண்டும். முறை தெரியாமல் அவசரப்பட்டு, நியாயமான வழக்கிலும் தோற்றுப் போகிறவர் பெரும்பாலும் அவர்தான்.

மார்க்கையன்கோட்டையை எடுத்துக்கொள்வோம். தேனி மாவட்டம் உத்தமபாளையம் தாலுகாவில், சின்னமனூருக்குப் பக்கத்தில் இருக்கும் பேரூராட்சி. முல்லைப் பெரியாற்றுத் தண்ணீரில் நெல் விளையும் பூமி. இம்மாதிரி ஊர்களில் வாடகைப் பேச்சு பெரும்பாலும் திண்ணையிலேயே முடிந்துவிடும். “மாசம் இவ்வளவு, அட்வான்ஸ் இவ்வளவு, கரண்டு பில்லு உங்களது” என்று நாலு வார்த்தை. முகத்தைப் பார்த்து நம்பிக்கை. அதற்கு மேல் பத்திரம் எதற்கு?

அங்கே ஒரு வீட்டைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். வயதான வீட்டுக்காரம்மாள் முன்கட்டில் இருக்கிறார். பின்கட்டை வாடகைக்கு விட்டிருக்கிறார். அந்த வாடகைதான் அவருக்குச் சாப்பாடு, மருந்து எல்லாம். பின்கட்டில் இருப்பவர் வாழைத்தார் லோடு ஏற்றும் வண்டி ஓட்டுகிறார். மனைவி தையல் வேலை செய்கிறாள். இரண்டு மாதமாக வாடகை நிற்கிறது.

“ஏம்ப்பா, மருந்துக் கடைக்காரன் எனக்குக் கடன் குடுப்பானா? ரெண்டு மாசமாச்சே!”

“லோடு சரியா கிடைக்கலை பெரியம்மா. அடுத்த மாசம் சேர்த்துக் குடுத்துர்றேன்.”

“போன மாசமும் இதையேதானே சொன்னே? நீ வேற இடம் பார்த்துக்கப்பா.”

இருவரில் யார் பேச்சில் நியாயம்? இரண்டிலும்தான். சட்டமும் இவர்களில் நல்லவர் யார் என்று கேட்பதில்லை. அடுத்த அடியை எப்படி எடுத்து வைக்க வேண்டும் என்றுதான் சொல்கிறது. அந்த முதல் அடிதான் நோட்டீஸ்.

வாய்ச் சொல் போதாது

நம் நாட்டில் வீடு வாடகைக்கு விடுவதற்கெல்லாம் அடிப்படையாக இருப்பது 1882-ஆம் வருஷத்துச் சொத்து மாற்றுச் சட்டம். வெள்ளைக்காரன் காலத்துச் சட்டமானாலும் இன்றும் அமுலில் இருக்கிறது. அதன் 106-ஆவது பிரிவுதான் நோட்டீஸைப் பற்றிப் பேசுகிறது.

வேறு ஒப்பந்தமோ, உள்ளூர்ச் சட்டமோ, வழக்கமோ இல்லாதபோது, குடியிருக்கும் வீட்டையும் கடையையும் மாத வாடகை என்றே சட்டம் கருதுகிறது. அதை முடித்துக்கொள்ள 15 நாள் நோட்டீஸ் வேண்டும். விவசாயத்துக்கோ பொருள் உற்பத்தி செய்யும் தொழிலுக்கோ விட்ட இடமானால், அது வருஷக் குத்தகையாகக் கருதப்படும். அதற்கு 6 மாத நோட்டீஸ். ‘இரண்டு மாதம் முன்னால் சொல்ல வேண்டும்’ என்று உங்கள் ஒப்பந்தத்திலேயே எழுதியிருந்தால், அந்த இரண்டு மாதம்தான் கணக்கு.

இதில் பலரும் கவனிக்காத ஒன்று: இந்த 15 நாள் இரு தரப்புக்கும் பொது. இரவோடு இரவாகச் சாமான்களை வண்டியில் ஏற்றிக்கொண்டு போகும் குடித்தனக்காரரும் அதே 15 நாள் நோட்டீஸ் தர வேண்டியவர்தான்.

நோட்டீஸ் எழுத்தில் இருக்க வேண்டும். கொடுப்பவரோ, அவர் சார்பில் வக்கீலோ கையெழுத்திட வேண்டும். அதைத் தபாலில் அனுப்பலாம், நேரில் கொடுக்கலாம், குடியிருப்பவர் இல்லாவிட்டால் அந்த வீட்டில் அவருடைய குடும்பத்தாரிடமோ வேலைக்காரரிடமோ கொடுக்கலாம். இவை எதுவும் இயலாதபோது, அந்தக் கட்டடத்தில் எல்லோர் கண்ணிலும் படும் இடத்தில் ஒட்டலாம். சட்டம் காட்டும் வழிகள் இவ்வளவுதான். செல்போனில் ‘காலி பண்ணவும்’ என்று ஒரு வரி அனுப்பிவிட்டு, நோட்டீஸ் கொடுத்தாகிவிட்டது என்று நிம்மதியாக இருப்பது அபாயம்.

ஆகவே, திண்ணையில் நின்று சொன்ன ‘ஒண்ணாந் தேதி’ நோட்டீஸ் ஆகாது. அது வெறும் மனஸ்தாபம்.

ஒரு நாள் தவறினால் வழக்கே போன காலம்

முன்பெல்லாம் இந்த நோட்டீஸ் விஷயத்தில் கோர்ட்டுகள் மிகவும் கண்டிப்பாக இருந்தன. 15 நாள் கொடுத்தால் மட்டும் போதாது; வாடகை மாதம் என்றைக்கு முடிகிறதோ அன்றைக்கே நோட்டீஸின் கெடுவும் முடிய வேண்டும். பத்தாம் தேதி குடி வந்தவருக்கு, மாதக் கடைசியோடு முடியும்படி நோட்டீஸ் எழுதினால் தீர்ந்தது. பல வருஷம் நடந்த வழக்கு, தேதிக் கணக்கில் இடறி விழும். வக்கீல்கள் நோட்டீஸை நூல் பிடித்துப் பார்த்த காலம் அது.

2002 டிசம்பர் 31 முதல் அமுலுக்கு வந்த திருத்தம் இந்த முடிச்சைத் தளர்த்திவிட்டது. இப்போது நோட்டீஸ் கைக்குக் கிடைத்த நாளிலிருந்து கெடு ஓடத் தொடங்குகிறது. நோட்டீஸில் எழுதிய நாட்கள் கொஞ்சம் குறைந்திருந்தாலும், சட்டம் சொல்லும் கெடு கழிந்த பிறகே வழக்குப் போட்டிருந்தால், அந்தக் குறை ஒன்றுக்காகவே நோட்டீஸ் செல்லாமல் போய்விடாது. ஆக, தேதியில் பிழை காட்டியே தப்பித்துவிடலாம் என்று இன்றைக்கு எந்தக் குடித்தனக்காரரும் நம்பியிருக்க வேண்டாம்.

தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கு

இனி ஒரு வேடிக்கை. நோட்டீஸ் இவ்வளவு முக்கியம் என்று சொல்லிக்கொண்டு வந்தேன் அல்லவா? நோட்டீஸே வேண்டாம் என்று டில்லி சுப்ரீம் கோர்ட்டு சொன்னதும் உண்டு. அதுவும் நம் தமிழ்நாட்டு வழக்கிலேதான்.

இரண்டாவது உலக யுத்த காலத்தில் ஊர்களில் வீடு கிடைப்பது குதிரைக் கொம்பாகிவிட்டது. வாடகையைக் கட்டுப்படுத்தச் சர்க்கார் தலையிட்டது. யுத்தம் முடிந்த பின்னும் 1946-லும் 1949-லும் சட்டங்கள் வந்தன. பிறகு 1960-ஆம் வருஷத்துக் கட்டடக் குத்தகை, வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்தது. சென்னை, மதுரை நகரங்களுக்கும், நகராட்சிகளுக்கும், சர்க்கார் அறிவித்த பிற இடங்களுக்கும் அது பொருந்தியது. அந்தச் சட்டத்தின்படி, அதில் சொன்ன காரணங்களில் ஒன்றை நிரூபித்தால்தான் குடியிருப்பவரை வெளியேற்ற முடியும். வாடகை பாக்கி, உள்வாடகைக்கு விட்டது, சொந்தக்காரருக்கே வீடு தேவைப்படுவது என்று அந்தக் காரணங்கள் வரிசையாக இருந்தன.

கேள்வி இதுதான்: காரணத்தையும் நிரூபிக்க வேண்டும், 1882-ஆம் வருஷத்து நோட்டீஸும் கொடுக்க வேண்டுமா? சில ஹைகோர்ட்டுகள் ‘ஆம்’ என்றன; சில ‘இல்லை’ என்றன. தனபால் செட்டியார் – யசோதை அம்மாள் வழக்கில் 1979-ல் ஏழு நீதிபதிகள் உட்கார்ந்து இதைத் தீர்த்து வைத்தார்கள். வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின் கீழ் வெளியேற்றுவதற்கு 106-ஆவது பிரிவு நோட்டீஸ் தேவையில்லை என்பது தீர்ப்பு. குடியிருந்தவரின் அப்பீல் தள்ளுபடியாயிற்று.

ஏன் அப்படி? நோட்டீஸ் கொடுப்பதன் நோக்கம் குத்தகையை முடிப்பது. ஆனால் குத்தகை முடிந்த பின்னும் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் அவரைக் குடித்தனக்காரராகவே வைத்துக் காப்பாற்றுகிறது. வாசல் கதவுக்குப் பூட்டுப் போட்டு என்ன பிரயோசனம், சாவியைச் சட்டம் உள்ளே இருப்பவர் கையில் கொடுத்திருக்கும்போது? காரணத்தை நிரூபித்தால் மட்டுமே சாவி திரும்பி வரும். அப்படியிருக்க, பூட்டு வீண் சடங்கு என்று கோர்ட்டு கருதியது.

இதைக் கேட்டுவிட்டு, ‘அப்படியானால் நோட்டீஸே வேண்டாம்’ என்று யாரும் முடிவு கட்டிவிடக் கூடாது. 1960-ஆம் வருஷத்துச் சட்டமே இப்போது இல்லை. இந்த வழக்கு நமக்குக் கற்றுத் தருவது வேறு: ‘நோட்டீஸ் வேண்டுமா?’ என்று கேட்பதற்கு முன்னால் ‘என் வீடு எந்தச் சட்டத்துக்குள் வருகிறது?’ என்று கேட்க வேண்டும்.

இப்போது அமுலில் உள்ள சட்டம்

2017-ல் தமிழ்நாடு சட்டசபை, வீட்டுச் சொந்தக்காரர், வாடகைதாரர் ஆகியோருடைய உரிமைகளையும் பொறுப்புகளையும் ஒழுங்குபடுத்தப் புதுச் சட்டம் ஒன்றை இயற்றியது. 2019 பிப்ரவரி 22-ல் அது அமுலுக்கு வந்தது. பழைய 1960-ஆம் வருஷத்துச் சட்டம் விடைபெற்றது. நகர்ப்புறங்களுக்கென்று ஏற்பட்ட சட்டம் இது. சின்னமனூர் நகராட்சி, மார்க்கையன்கோட்டை பேரூராட்சி, பேரூராட்சியும் நகர்ப்புற உள்ளாட்சி வகையைச் சேர்ந்ததே. சுற்றியுள்ள கிராம ஊராட்சிகளில் இருக்கும் வீடானால் நீங்கள் பார்க்க வேண்டியது 1882-ஆம் வருஷத்துச் சட்டத்தை. எல்லையில் இருக்கும் வீடு என்றால், நோட்டீஸ் எழுதும் முன்பே வக்கீலிடம் இதைக் கேட்டு உறுதி செய்துகொள்வது நல்லது.

புதுச் சட்டம் திண்ணைப் பேச்சை ஒப்புக்கொள்ளாது. வாடகை ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும். வாடகை அதிகாரியிடம் பதிவாக வேண்டும். ஒப்பந்தம் ஏற்படாமல் போனதே குடியிருப்பவரை வெளியேற்றக் கேட்பதற்கு ஒரு காரணமாகலாம். வெளியேற்ற உத்தரவு வேண்டுவோர் வாடகை நீதிமன்றத்துக்குப் போக வேண்டும்.

இப்போது நம் மார்க்கையன்கோட்டைப் பின்கட்டுக்கு வாருங்கள். இரண்டு மாத வாடகை பாக்கி. இதற்குச் சட்டம் சொல்லும் நோட்டீஸ் ‘காலி செய்’ என்ற நோட்டீஸ் அல்ல. ‘பாக்கியைக் கட்டு’ என்ற நோட்டீஸ். மேலே சொன்ன 106-ஆவது பிரிவின் முறைப்படி அதைச் சேர்ப்பிக்க வேண்டும். அது கிடைத்த நாளிலிருந்து ஒரு மாதம் அவகாசம். அந்த ஒரு மாதத்துக்குள் பாக்கியையும், ஒப்பந்தத்தில் வட்டி எழுதியிருந்தால் வட்டியையும், முழுவதும் கட்டிவிட்டால், பாக்கி என்ற காரணத்துக்காக அவரை வெளியேற்ற முடியாது. கட்டாவிட்டால்தான் வாடகை நீதிமன்றத்தின் கதவு அந்த அம்மாளுக்குத் திறக்கிறது. ஒரு தடவை இப்படித் தப்பித்தவர் மறுபடியும் தொடர்ந்து பாக்கி வைத்தால், அதே சலுகை திரும்பத் திரும்பக் கிடைக்கும் என்று எதிர்பார்க்க வேண்டாம்.

கவனித்தீர்களா? 1979-ல் வீண் சடங்கு என்று தள்ளப்பட்ட காகிதம், புதுச் சட்டத்தில் கடைசி வாய்ப்பாக உருமாறித் திரும்பி வந்திருக்கிறது. நோட்டீஸைக் கண்டதும் குடும்பமே கூடி அழ வேண்டியதில்லை. அதில் ஒரு மாதம் இருக்கிறது. லோடு கிடைக்காதவருக்கு லோடு கிடைக்கவும், தையல் மெஷினில் திருவிழாத் துணிகள் ஏறவும் அந்த ஒரு மாதம் போதுமானதாக இருக்கலாம். வீட்டுக்காரம்மாளுக்கும் அதுவே நல்லது. அவருக்கு வேண்டியது காலி வீடா, மருந்துக்குப் பணமா?

வீட்டைத் தகாத காரியத்துக்கு உபயோகித்தாலும் இப்படித்தான். ‘நிறுத்து’ என்று நோட்டீஸ் கொடுத்த பிறகும் தொடர்ந்தால் அது வெளியேற்றக் காரணமாகும்.

தபால்காரர் வந்தால்

நம்மில் சிலருக்கு ஒரு பழக்கம். வக்கீல் நோட்டீஸ் வருகிறது என்று தெரிந்தால், கதவைச் சாத்திக்கொண்டு, “ஆள் ஊரில் இல்லை என்று சொல்லிவிடு” என்று குழந்தையை அனுப்புவார்கள். கையெழுத்துப் போடாவிட்டால் நோட்டீஸ் வந்ததாகாது என்று நினைப்பு. தப்பு. சரியான விலாசமிட்டு, தபால் செலவு கட்டிப் பதிவுத் தபாலில் அனுப்பிய காகிதம் சேர்ந்ததாகவே எடுத்துக்கொள்ள 1897-ஆம் வருஷத்துப் பொது வாசகங்கள் சட்டம் இடம் தருகிறது. ‘வாங்க மறுத்தார்’ என்று தபால்காரர் எழுதித் திருப்பினால், கோர்ட்டு அதைச் சேர்ப்பித்ததாகவே கொள்வது வழக்கம். மறுத்தவருக்கு ஒரே ஒரு நஷ்டம்தான்: உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்று அவருக்குத் தெரியாமல் போய்விடும், கெடு மட்டும் ஓடிக்கொண்டிருக்கும்.

(பதிவுத் தபாலை 2025-ல் தபால் இலாகா விரைவுத் தபாலோடு சேர்த்துவிட்டது. அனுப்புகிறவர்கள் தபாலாபீசில் கேட்டு, உரியவர் கையில் சேர்ப்பித்ததற்கான அத்தாட்சி கிடைக்கும்படி அனுப்ப வேண்டும்.)

பாக்கிக்கான நோட்டீஸ் எப்படி இருக்க வேண்டும்? பெரிய பாஷையெல்லாம் வேண்டாம். இப்படி இருந்தால் போதும்:

“இன்ன தெரு, இன்ன எண்ணுள்ள என் வீட்டின் பின்கட்டில், மாதம் இவ்வளவு ரூபாய் வாடகைக்கு, இன்ன தேதி ஒப்பந்தப்படி நீங்கள் குடியிருக்கிறீர்கள். இன்ன இன்ன மாதங்களுக்கு மொத்தம் இவ்வளவு ரூபாய் வாடகை பாக்கி. இந்த நோட்டீஸ் கிடைத்த ஒரு மாதத்துக்குள் அந்தத் தொகையை முழுவதும் செலுத்தக் கோருகிறேன். தவறினால் சட்டப்படி வாடகை நீதிமன்றத்தை நாட வேண்டியிருக்கும்.” கீழே தேதி, கையெழுத்து.

வசை இல்லை, மிரட்டல் இல்லை. ஒரு பிரதியையும் தபால் ரசீதையும் பத்திரமாக வைத்துக்கொள்ள வேண்டும். ஒரு எச்சரிக்கை: ‘காலி செய்’ என்று நோட்டீஸ் கொடுத்தவர், கெடு கடந்த பிறகும் எதுவும் சொல்லாமல் மாதா மாதம் வாடகை வாங்கிக்கொண்டே இருந்தால், நோட்டீஸை அவரே கைவிட்டுவிட்டார் என்ற வாதம் எழும்.

குடியிருப்பவர் செய்ய வேண்டியது: காகிதத்தை வாங்குங்கள். வாங்கிய தேதியை அதன் மேலேயே குறித்துக்கொள்ளுங்கள். பணம் கொடுத்தால் ரசீது வாங்குங்கள். அல்லது வங்கி வழியாக அனுப்புங்கள், கணக்கு நிற்கும். நோட்டீஸில் தப்பான விவரம் இருந்தால் எழுத்திலேயே பதில் கொடுங்கள்.

பூட்டு வேண்டாம்

நோட்டீஸ் கெடு முடிந்துவிட்டது, ஆள் போகவில்லை. சொந்தக்காரர் என்ன செய்யலாம்? பாத்திரங்களைத் தெருவில் எறியலாமா? ஊருக்குப் போன சமயம் பார்த்துப் புதுப் பூட்டுப் போடலாமா? குழாயையும் கரண்டையும் நிறுத்தலாமா?

கூடவே கூடாது. நோட்டீஸ் என்பது வெளியேற்ற உத்தரவு அல்ல. உத்தரவு போடும் அதிகாரம் நீதிமன்றத்துக்கு மட்டுமே உண்டு. அத்தியாவசிய வசதிகளை நிறுத்துவதைப் புதுச் சட்டம் தடுக்கிறது. நிறுத்தினால் வாடகை அதிகாரியிடம் முறையிடலாம். சட்ட முறைப்படி அன்றி ஒருவரை இடத்தைவிட்டு அகற்றினால், 1963-ஆம் வருஷத்துத் தனிப்பட்ட பரிகாரச் சட்டத்தின் 6-ஆவது பிரிவின்படி, 6 மாதத்துக்குள் வழக்குப் போட்டு அவர் மறுபடியும் உள்ளே வரலாம். சொத்து யாருடையது என்ற கேள்வியே அந்த வழக்கில் எழாது. இரண்டு மாத வாடகை பாக்கிக்காகப் பூட்டுப் போட்டவர், கடைசியில் தாமே பிரதிவாதியாகக் கூண்டில் நிற்க நேரிடும்.

கம்பம் பள்ளத்து நேயர்களுக்கு இன்னும் ஒரு வார்த்தை. இதுவரை சொன்னது வீட்டுக்கும் கடைக்கும். நெல் வயலைக் குத்தகைக்கு எடுத்துத் தம் உடலுழைப்பால் பயிர் செய்கிறவருக்கு, 1955-ஆம் வருஷத்துச் சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம் தனியாக இருக்கிறது. அவரை வெளியேற்ற வெறும் நோட்டீஸ் போதாது; வருவாய்த் துறை அதிகாரிகள் முன் மனுச் செய்து, சட்டம் சொல்லும் காரணத்தைக் காட்ட வேண்டும். வீட்டு நோட்டீஸின் வாசகத்தை வயலுக்கு எழுதி அனுப்புவது பிரயோசனப்படாது.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணமில்லையே என்று யாரும் சும்மா இருந்துவிட வேண்டாம். 1987-ஆம் வருஷத்துச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின்படி, பெண்களுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு; ஏழைகளுக்கும் உண்டு. 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்து கேட்கலாம். மார்க்கையன்கோட்டைக்காரர்கள் உத்தமபாளையம் கோர்ட்டு வளாகத்துக்குப் போய் விசாரிக்கலாம். நம் கற்பனை வீட்டில் முன்கட்டு அம்மாளும் பெண். பின்கட்டுத் தையற்காரியும் பெண். இருவருமே அந்த உதவியைக் கேட்கத் தகுதியுள்ளவர்கள்.

கோர்ட்டு வரை போவதற்கு முன், இருவரும் இன்னொரு முறை திண்ணையில் உட்கார்ந்து பேசிப் பார்க்கலாம். இந்தத் தடவை மட்டும், நேயர்களே, கையில் ஒரு காகிதமும் பேனாவும் இருக்கட்டும். பாக்கியை எத்தனை தவணையில், எந்தெந்தத் தேதியில் கட்டுவது என்று எழுதி, இருவரும் கையெழுத்திட்டு ஆளுக்கொரு பிரதி எடுத்துக்கொள்ளட்டும்.